மைக்கில் நான் வாசித்த பெயர்

போன வருடம் ஆடி மாதக் கடைசியில், கள்ளக்குறிச்சியிலிருந்து டவுன் பஸ்ஸில் முக்கால் மணி நேரம் தள்ளி இருக்கும் ஓர் அரசு மேல்நிலைப் பள்ளியின் மைதானத்தில் நடந்தது இது. நான் அங்கே தாவரவியல் ஆசிரியை. பதினோராம் வகுப்புப் பிள்ளைகளுக்கு இலவச சைக்கிள் கொடுக்கும் விழா. மைக் என் கையில். எனக்குக் குரலும் ஜாஸ்தி, வாயும் ஜாஸ்தி. அதனால் எந்த விழா என்றாலும் மைக்கை என்னிடம்தான் நீட்டுவார்கள். எனக்கும் அதில் ஒரு பெருமை உண்டு, மறைப்பானேன்.

ஆனால் கதையை இரண்டு மாதம் முன்னாலிருந்து சொன்னால்தான் புரியும்.

பள்ளி திறந்த முதல் வாரம். தியாகதுருகம் பக்கம் குத்தகைக்குக் கரும்பு போடுகிற ஒருவர், பதினோராம் வகுப்பில் சேர்க்கத் தன் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வந்தார். நான்தான் அந்த வகுப்புக்கு வகுப்பாசிரியை. மதிப்பெண் பட்டியலில் ஆண் பெயர். மாற்றுச் சான்றிதழிலும் ஆண் என்றுதான் இருந்தது. எதிரே நின்றதோ சுடிதார் போட்டு, பின்னல் போடும் அளவுக்கு இன்னும் வளராத முடியை கிளிப் போட்டு அடக்கிய ஒரு பெண். நான் காகிதத்தையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தேன்.

"டீச்சர், இது எம்பொண்ணு" என்றார் அவர். "ரெக்கார்டுல பையன்னு கீது. அது தப்பு. பொறந்தசொல்ல எங்களுக்குத் தெர்ல. அதுக்குத் தெரிஞ்சுது. இப்ப எங்களுக்கும் தெரிஞ்சுபோச்சு."

அவ்வளவு லேசாகச் சொல்லிவிட்டார். சொல்லிவிட்டு, மற்றக் காகிதங்கள் இருந்த பிளாஸ்டிக் கவரை என் பக்கம் நகர்த்தினார். பழைய பள்ளியில் பசங்கள் படுத்திய பாட்டில் பத்தாவது முடித்ததே பெரிய விஷயமாம். மேலே படிக்க வேண்டும் என்று பிள்ளை ஒற்றைக் காலில் நிற்கிறதாம்.

"சலுகை எதுவும் கேக்க வர்ல டீச்சர். மத்த பொண்ணுங்களுக்கு இன்னாவோ, எம்பொண்ணுக்கும் அது. ஜாஸ்தியும் வாணாம், கம்மியும் வாணாம்."

எங்கள் மாவட்டத்துக்காரர்களுக்குத் திருநங்கைகள் ஒன்றும் புதிதில்லை. சித்திரை வந்தால் கூவாகம் திருவிழா, உளுந்தூர்பேட்டை பஸ்ஸெல்லாம் நிறைந்து வழியும். கல்லூரியில் படிக்கும்போது நானும் தோழிகளோடு போய் வாயைப் பிளந்து வேடிக்கை பார்த்துவிட்டு வந்தவள்தான். அங்கே வருகிறவர்கள் எல்லோரும் ஒரு காலத்தில் ஏதோ ஒரு வகுப்பில், ஏதோ ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்த பிள்ளைகள் என்று ஒரு நாள்கூட எனக்குத் தோன்றியதில்லை. படித்த படிப்பு அந்த லட்சணம்.

ஆனாலும் அன்றைக்கு என் மனசு இளகிவிட்டது. தலைமையாசிரியர் ரிட்டயர் ஆக ஒன்றரை வருடம் இருக்கிறவர், வம்பு எதுவும் வேண்டாம் என்று நினைப்பவர். அவரிடம் நானே பேசினேன். "ரெக்கார்டை நம்மால் மாற்ற முடியாது. மனு கொடுத்தால் மேலே அனுப்புகிறேன். மற்றதை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள்" என்றார். பார்த்துக்கொண்டேன். பெண்கள் வரிசையில் மூன்றாவது பெஞ்சில் இடம் கொடுத்தேன். அவள் தனக்கு வைத்துக்கொண்ட பெயரைச் சொல்லித்தான் கூப்பிட்டேன், மற்றவர்களையும் கூப்பிட வைத்தேன். சிரித்த இரண்டு பசங்களை வெளியே நிற்க வைத்துக் கிழி கிழி என்று கிழித்தேன். கழிப்பறைக்கு ஆசிரியைகள் அறைச் சாவியைக் கொடுத்தேன். இதையெல்லாம் செய்துவிட்டு சும்மா இருந்தேனா? ஸ்டாஃப் ரூமில் சாப்பாட்டு வேளையில் தினமும் அதே பேச்சு. நான் எப்படிச் சமாளிக்கிறேன் தெரியுமா என்று ஒரே தம்பட்டம்.

அப்போதுதான் கல்வி அலுவலகத்திலிருந்து சைக்கிள் பட்டியல் கேட்டார்கள். ஆண் பிள்ளைகளுக்கு பார் வைத்த சைக்கிள், பெண் பிள்ளைகளுக்கு பார் இல்லாத சைக்கிள். எத்தனை ஆண், எத்தனை பெண் என்று அன்று மாலைக்குள் கணினியில் ஏற்ற வேண்டும். பதிவில் இருந்ததை அப்படியே எடுத்தேன், ஏற்றினேன், கையெழுத்துப் போட்டேன். பத்து நிமிட வேலை. வேகமாக முடித்துவிட்டேன் என்று சந்தோஷமாக பஸ் ஏறினேன்.

சைக்கிள்கள் லாரியில் தனித்தனிப் பாகமாக வந்து, மைதானத்து வேப்பமரத்தடியில் இரண்டு நாள் மாட்டி முடித்தார்கள். விழா அன்று விருந்தினர் வரத் தாமதமாகி வெயில் ஏறிவிட்டது. பிள்ளைகள் ஆண், பெண் என்று இரண்டு வரிசையாகத் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். பெற்றோர் சிலர் ஓரமாக நின்றிருந்தார்கள். நான் அதே பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு வாசிக்க ஆரம்பித்தேன். செல்வன் இன்னார், செல்வன் இன்னார் என்று ஒரு தாளத்தில் போய்க்கொண்டே இருந்தது. பேர் வர வர ஒவ்வொரு பையனாக எழுந்து வந்து சைக்கிளை வாங்கிக்கொண்டு போனான்.

ஒரு பெயருக்கு யாரும் எழுந்து வரவில்லை.

யார் இந்தப் பையன், இன்றைக்குப் பார்த்து லீவா என்று எனக்கு எரிச்சல். சத்தியமாகச் சொல்கிறேன், அந்தப் பெயர் யாருடையது என்று எனக்கே பொறி தட்டவில்லை. இரண்டு மாதமாக அவளை நான் அந்தப் பெயரில் கூப்பிட்டதே இல்லையே. இன்னும் சத்தமாக இரண்டாவது முறை வாசித்தேன். பசங்கள் வரிசையில் குசுகுசுப்பு. "இருக்கியா, இல்லையா? செல்வன்..." என்று மூன்றாவது முறையும் என் முழுக் குரலில் கூப்பிட்டேன். குசுகுசுப்பு சிரிப்பாக மாறியது. ஓரத்தில் நின்ற பெற்றோரும் எட்டிப் பார்த்துச் சிரித்தார்கள். எல்லோரும் எங்கே பார்க்கிறார்கள் என்று நானும் பார்த்தேன். பெண்கள் வரிசையில் அவள் என்னையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

ஐயோ என்று வாயைப் பொத்தினேன். அந்த ஐயோவும் மைக்கில் கேட்டது.

அவள் எழுந்தாள். ஓடவில்லை, அழவில்லை. சுடிதாரில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டிவிட்டு, மைதானத்தைக் குறுக்கே கடந்து, கேட்டைத் திறந்துகொண்டு வெளியே போய்விட்டாள். பின்னாலேயே போயிருக்க வேண்டும். நான் போகவில்லை. விருந்தினர் மேடையில் இருக்கிறார், பட்டியலில் இன்னும் பாதி இருக்கிறது என்று அடுத்த பெயரை வாசித்தேன். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு கூசுகிறது.

மறுநாள் அவள் வரவில்லை. அடுத்த நாளும் வரவில்லை. அவளுடைய புத்தகப் பை மூன்றாவது பெஞ்சுக்கு அடியில் அப்படியே கிடந்தது. வீட்டுக்குப் போன் போட்டால் எடுக்கவில்லை. ஒன்பது நாள் ஆயிற்று. ஸ்டாஃப் ரூமில் ஒருவர், "இந்த மாதிரிப் பிள்ளைகள் எங்கே டீச்சர் நிலைத்துப் படிக்கப் போகிறது" என்றார். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஆனால் வாயைத் திறந்து பதில் சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருந்தது?

பத்தாம் நாள் சனிக்கிழமை. பையைத் தூக்கிக்கொண்டு அவர்கள் ஊருக்குப் போனேன். அவள் அப்பா கரும்புக் கொல்லையில் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் மண்வெட்டியைப் போட்டுவிட்டு வந்தார். திட்டுவார் என்று தயாராகத்தான் போயிருந்தேன்.

"நீங்க மூணு வாட்டி கூப்ட்டீங்க டீச்சர். நான் பதினாறு வருசமா கூப்ட்டேன்" என்றார். காலில் ஒட்டிய சேற்றை வரப்பில் தேய்த்தார். பிறகு, "ஆனா மைக்ல கூப்ட்டுட்டீங்களே" என்றார்.

அவள் வெள்ளிமலையில் சித்தி வீட்டுக்குப் போய்விட்டாளாம். இனிமேல் படிக்கப் போவதில்லை என்று சொல்லிவிட்டாளாம். வரச்சொல்லி இவர் கூப்பிட்டும் வரவில்லை. நாளைக்கு நானும் உங்களோடு வருகிறேன் என்றேன். வேண்டாம் என்று சொல்லிவிடுவாரோ என்று பயந்தேன். அவர் சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை கள்ளக்குறிச்சியில் இருவரும் பஸ் ஏறினோம். கச்சிராயபாளையம் தாண்டி வண்டி மலை ஏற ஆரம்பித்ததும் எனக்குத் தலை சுற்றல். அவர் ஓர் எலுமிச்சம்பழத்தை மடியிலிருந்து எடுத்துக் கொடுத்தார். அப்புறம் வெளியே பார்த்தபடி, யாரிடமோ சொல்வதுபோலப் பேசினார்.

"எனக்கும் சட்டுனு வராது டீச்சர். டேய்னுதான் வாயில வரும். கொல்லையில தண்ணி கட்டசொல்ல தனியா சொல்லிச் சொல்லிப் பழகுவேன். 'பாப்பா, சாப்ட்டியா? பாப்பா, வூட்டுக்கு வா.' கரும்பு வெட்ட வந்த ஆளுங்க எனக்குப் பைத்தியம் புடிச்சிகிச்சின்னு சொல்லிக்கினு இருந்தாங்க."

நான் எலுமிச்சம்பழத்தை மோந்தபடி அழுதேன். தலை சுற்றலால் என்று அவர் நினைத்திருக்கலாம்.

வெள்ளிமலையில் லேசான தூறல். பஸ் நிற்கும் இடத்துக்கு எதிரிலேயே சித்தியின் டிபன் கடை. சித்தி கல்லில் தோசை ஊற்ற, அவள் சாம்பார் வாளியோடு பெஞ்சுகளுக்கு நடுவே போய்வந்துகொண்டிருந்தாள். ஜீப் ஓட்டுகிறவர் ஒருவர், "ஏம்மா பொண்ணு, இன்னும் கொஞ்சம் சட்னி ஊத்து" என்றார். அவள் ஊற்றினாள். நிமிர்ந்தபோது எங்களைப் பார்த்துவிட்டாள்.

எனக்குத்தான் பொறுமை கிடையாதே. அங்கேயே, அத்தனை பேர் சாப்பிடும் இடத்தில், "என்னை மன்னிச்சிடும்மா, அன்னைக்கு மைக்கில..." என்று ஆரம்பித்துவிட்டேன்.

அவள் வேகமாகக் கிட்டே வந்தாள். "மெதுவா பேசுங்க டீச்சர். இங்க யாருக்கும் தெரியாது."

மன்னிப்புக் கேட்க வந்த இடத்திலும் அதே குரல், அதே அவசரம். அவள் வாளியை வைத்துவிட்டு என்னைக் கடைக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போனாள். தண்ணீர் டிரம், கழுவாத தட்டுகள், விறகு. அங்கே இரண்டு பேரும் நின்றோம்.

"வேற யாராச்சும் கூப்ட்டிருந்தா போவட்டும்னு வுட்டிருப்பேன் டீச்சர்" என்றாள். "மொத வாட்டி, மறந்துட்டீங்கன்னு நெனச்சேன். ரெண்டாவது வாட்டி, இப்ப நிமிந்து பாப்பாங்க, பாத்தா நிறுத்திடுவாங்கன்னு நெனச்சேன்."

மூன்றாவது முறையைப் பற்றி அவள் ஒன்றும் சொல்லவில்லை. பட்டியல் அப்படி, பதிவு அப்படி, வெயில், அவசரம் என்று வழியெல்லாம் நான் யோசித்து வைத்திருந்தது ஒன்றும் என் வாயில் வரவில்லை. "தப்பு என்னோடதும்மா. பட்டியல் எழுதினதும் நான்தான், வாசிச்சதும் நான்தான். நீ எழுந்து போனப்ப பின்னாடி வராம அடுத்த பேரை வாசிச்சேன் பாரு, அது எல்லாத்தையும் விடப் பெரிய தப்பு" என்றேன். இருபது வருட டீச்சர் ஒரு தட்டுக் குவியலுக்குப் பக்கத்தில் நின்று தேம்பினேன்.

அவள் அழவில்லை. தன் துப்பட்டா நுனியால் கையைத் துடைத்துக்கொண்டாள்.

"இங்க யாரும் ஒண்ணும் கேக்கறதில்ல டீச்சர். பொண்ணே, தோச கொண்டான்றாங்க. குடுக்கறேன். அவ்ளோதான். எவ்ளோ நிம்மதியா கீது தெரியுமா? அங்க வந்தா நாளெல்லாம் யார் எப்ப இன்னா சொல்லுவாங்கன்னே பாத்துக்கினு இருக்கணும்."

சித்தி தோசைக் கரண்டியோடு எட்டிப் பார்த்தாள். "என்கூடவே இருக்கட்டும் டீச்சர். தங்கமான புள்ள. ரெண்டு சோறு போடறதுக்கு எனக்குத் தெம்பு கீது" என்றாள். அந்த அம்மாள் சொன்னதில் தப்பே இல்லை. இந்தப் பிள்ளைக்கு மலை மேலே அவளாகவே இருக்க முடிகிறது. கீழே வந்தால் படிப்பு இருக்கிறது. இரண்டும் ஒரே இடத்தில் கிடைக்கும் என்று நான் எந்த முகத்தை வைத்துக்கொண்டு சத்தியம் செய்வது? எனக்குத் தெரியவில்லை. அதையே சொன்னேன். "எல்லாம் சரியாயிடும்னு சொல்ல எனக்குத் தைரியம் இல்லம்மா. உன் இடம் அங்க இருக்கு. அதுக்கு நான் நிப்பேன். அவ்வளவுதான் சொல்ல முடியும்."

தூறல் தகரத்தில் விழுந்துகொண்டிருந்தது. அவள் நான்கைந்து தட்டுகளை எடுத்து டிரம் தண்ணீரில் அலசினாள். திரும்பாமலே கேட்டாள்.

"செல் பாடம் முடிச்சிட்டீங்களா டீச்சர்?"

முடிந்துவிட்டது என்றேன். உனக்குத் தனியாக நடத்துகிறேன் என்றும் சொன்னேன்.

"தனியாலாம் வாணாம். யாருனா கிட்ட நோட்டு வாங்கிக்கறேன்."

அவள் அப்பா கடைப் பக்கமிருந்து குரல் கொடுத்தார். "பாப்பா, பஸ்ஸுக்கு நேரமாவுது." ஒரு தடுமாற்றமும் இல்லாமல் வந்தது அது. அவள், "நாளைக்கு சித்தி கடையில கூட்டம் ஜாஸ்தி ப்பா. நான் செவ்வாக்கெழம வரேன்" என்றாள். அவர் முகத்தை நான் பார்க்கவில்லை. பார்த்தால் மறுபடியும் அழுதிருப்பேன்.

செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்கே பள்ளிக்குப் போய் கேட்டுக்குப் பக்கத்தில் ஏதோ வேலை இருப்பதுபோல நின்றேன். வந்தாள். என்னைத் தனியாகப் பார்த்து இரண்டு விஷயம் சொன்னாள். ஒன்று, ஆசிரியைகள் கழிப்பறைச் சாவி வேண்டாம். மற்றப் பெண்கள் போகும் இடத்துக்கே போகிறேன் என்றாள். வகுப்புப் பெண்களைக் கூப்பிட்டுத் தயங்கித் தயங்கிக் கேட்டேன். "அவ சாவி வாங்க உங்களாண்ட வரப்பல்லாம் எங்களுக்கே ஒரு மாதிரி இருந்துது டீச்சர்" என்று அவர்கள்தான் எனக்குப் பாடம் எடுத்தார்கள். தலைமையாசிரியரிடம் போய்ச் சொன்னேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டு, "அந்தப் பெண்களுக்குச் சம்மதம்னா எனக்கு என்னம்மா" என்றார்.

இரண்டாவது விஷயத்தில்தான் எனக்கு ஏமாற்றம். நான் பெரிதாகத் திட்டம் போட்டு வைத்திருந்தேன். காலை வழிபாட்டில் எல்லோரையும் நிற்க வைத்து, மைக்கில் செல்வி என்று அவள் பெயரை வாசித்து, சைக்கிளைக் கொடுத்து, எல்லோரையும் கைதட்ட வைக்க வேண்டும். அவள் தலையை ஆட்டினாள். "மைக்கு வாணாம் டீச்சர். கைதட்டல்லாம் வாணாம். சும்மா குடுங்க, போதும்." அப்புறம்தான் உறைத்தது. அந்தத் திட்டம் என் மனச்சுமையை நான் இறக்கி வைத்துக்கொள்ளப் போட்டது.

ஆனால் கொடுப்பதற்கு இருந்ததோ பார் வைத்த சைக்கிள். பெண்கள் சைக்கிள் எண்ணிக்கைப்படி தீர்ந்துவிட்டது. மாற்றித் தரக் கேட்டு எழுதினால் எத்தனை மாதமோ. வெள்ளிக்கிழமை வகுப்பில் நான் யோசனையில் நிற்பதைப் பார்த்து, முதல் பெஞ்சில் இருக்கும் ஒரு வாயாடிப் பெண் எழுந்தாள். வீட்டில் இரண்டு மாடு. விடிகாலையில் பால் சொசைட்டிக்குக் கேன் கொண்டுபோய் ஊற்றிவிட்டுத்தான் பள்ளிக்கு வருவாள்.

"டீச்சர், எனக்குக் குடுத்த சைக்கிளுல கேன் மாட்ட முடில. பார் இருந்தாதான் தோதுப்படும். அந்த சைக்கிள எனக்குத் தள்ளிவுட்டுட்டு என்னுத அவளுக்குக் குடுங்களேன். நாலு நாளா இதத்தான் கேக்கலாம்னு கீறேன், நீங்க மூஞ்சிய உர்ருனு வெச்சிக்கினு இருந்தீங்க."

வகுப்பே சிரித்தது. அவளும் சிரித்தாள், மலையிலிருந்து வந்தபின் முதல் முறையாக. தலைமையாசிரியரிடம் கேட்டதற்கு, "எண்ணிக்கை சரியா இருக்கா? அப்புறம் எந்தப் பிள்ளை எதில் போகுதுன்னு நான் ரோட்டில் நின்னு பார்க்கப் போறதில்லை" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். எத்தனை மாதம் ஆகுமோ என்று நான் மலைத்த காரியத்தை இரண்டு பிள்ளைகள் ஐந்து நிமிடத்தில் முடித்துவிட்டார்கள்.

அன்று மாலை மணி அடித்ததும் நான் கேட்டருகே நின்றேன். அவள் என்னிடம் வந்து ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போவாள் என்று எதிர்பார்த்தேன், பொய் சொல்வானேன். மலை வரை போனேனே, தேம்பினேனே. அவள் அந்த வாயாடியோடும் இன்னும் நாலைந்து பெண்களோடும் வந்தாள். எதற்கோ ஒருத்தி முதுகில் ஒருத்தி அடித்துக்கொண்டு, ஒரே சத்தம். சைக்கிளில் ஏறினார்கள். என்னைப் பார்த்து மற்றவர்கள் "வரோம் டீச்சர்" என்றபோது அவளும் "வரோம் டீச்சர்" என்றாள், அவ்வளவுதான். தியாகதுருகம் ரோட்டில் திரும்பி, கூட்டத்தோடு கூட்டமாகப் போய்விட்டாள். அதில் அவள் யார் என்று எனக்கே பின்னாலிருந்து அடையாளம் தெரியவில்லை.

எனக்குக் கொஞ்சம் வருத்தமாகத்தான் இருந்தது. பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து கள்ளக்குறிச்சி வரும்வரை அதையே யோசித்துக்கொண்டு வந்தேன்.

இப்போது அவள் பன்னிரண்டாம் வகுப்பு. பெயர் மாற்ற மனு போட்டிருக்கிறார்கள். அவள் அப்பாவோடு நானும் போய் எழுதிக் கொடுத்தேன். அது மெல்ல நகர்ந்துகொண்டிருக்கிறது. எல்லாப் பசங்களும் திருந்திவிட்டார்கள் என்றும் சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு பட்டியல் என் கைக்கு வந்தால், கையெழுத்துப் போடுமுன் ஒவ்வொரு பெயருக்கும் உரிய முகத்தை ஒரு முறை நினைத்துப் பார்க்கிறேன். அன்று மாலை அவள் எனக்கு நன்றி சொல்லாமல் போனதுதான் என் இருபது வருட வேலையில் எனக்குக் கிடைத்த பெரிய மரியாதை என்று இப்போது தோன்றுகிறது. தனக்குச் சேர வேண்டியதை வாங்கிக்கொண்டு போகிற பிள்ளை எதற்காக நன்றி சொல்ல வேண்டும்?